தொப்பி வந்தது, நிலம் வரவில்லை

2010 மே மாதம் இரண்டு கௌபாய்கள் வந்தார்கள். ஒருவர், சிம்புதேவனின் ‘இரும்புக்கோட்டை முரட்டு சிங்கம்’ படத்தில் லாரன்ஸ். இன்னொருவர், ‘ரெட் டெட் ரிடெம்ப்ஷன்’ கேமில் ஜான் மார்ஸ்டன்.

செர்ஜியோ லியோனியின் படங்களில் துப்பாக்கி வெடிக்கும் முன் கண், கை, மறுபடி கண் என்று நேரம் இழுபடும். நாம் சும்மா காத்திருக்க வேண்டியதுதான். கேமில் ‘டெட் ஐ’ பட்டனை அழுத்தினால் அதே நேரம் நம்ம கையில் மெதுவாகிறது. விளையாடுறப்ப எனக்குப் பயமே வரல. அது நஷ்டம்தான்.

ஆனால் கேம் நிலத்தை விடவில்லை. கதை நடப்பது 1911இல். அரசாங்கம் பிடித்துவைத்த மனைவி, மகனை மீட்க மார்ஸ்டன் பழைய கூட்டாளிகளை வேட்டையாடுகிறான். காலம் முடிந்தவன் எங்கே போவான்? பெக்கின்பாவின் ‘தி வைல்ட் பன்ச்’ (1969) கேட்ட கேள்வி இது.

கர்ணன் இயக்கி ஜெய்சங்கர் நடித்த ‘கங்கா’ (1972) காலத்திலேயே தமிழுக்குத் தொப்பியும் குதிரையும் வந்துவிட்டன. சிம்புதேவன் அதை வைத்து நல்லாவே சிரிக்க வைத்தார். நிலம் மட்டும் வரவில்லை.

ஜொகூரில் அது இருக்கு: துரை, கங்காணி, ரப்பர்க்காடு, தோட்டத் துண்டாடலில் வெளியேறிய குடும்பங்கள். வெஸ்டர்னுக்கு வேற என்ன வேணும்? குதிரைக்குப் பதில் சைக்கிள் போதும்.