197-ஆம் வரி

ஹார்ட் டிஸ்க்கின் உடல்நிலையை ஒரே நிறத்தில் சொல்லி முடித்துவிடும் மென்பொருள்கள் மேல் எனக்குப் பெரிய பிடிப்பு கிடையாது. ஜப்பானிலிருந்து வரும் கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோ நேர்த்தியான வேலைதான். என் நண்பர்களில் பாதிப்பேர் அதன் கட்சி. ஆனால் அவர்கள் மேலே தெரியும் நீலக் கட்டத்தைப் பார்த்ததும் மூடிவிடுகிறார்கள். கீழே உள்ள ஸ்மார்ட் பட்டியல், அதாவது டிஸ்க் தன்னைப் பற்றித் தானே வைத்திருக்கும் கணக்கு, ஹெக்ஸ் எண்ணில் நிற்பதால் அதைப் படிக்க ஆளில்லை.

என் கட்சி ஸ்மார்ட்மான்டூல்ஸ். கறுப்புத் திரை, ஒரு கமாண்ட், வரிசையாக இறங்கும் எண்கள். 2002-இல் இதைத் தொடங்கிய புரூஸ் ஆலன், ஈர்ப்பலைகளை ஆராயும் இயற்பியலாளர். இரைச்சலுக்கு நடுவே மெல்லிய சமிக்ஞையைத் தேடிப் பழகியவரின் கை இதில் தெரிகிறது: டிஸ்க் சொல்வது எல்லாம் அப்படியே நம் முன் வரும். உச்சியில் ‘பாஸ்டு’ என்று ஒரு வரி இருக்கும். அதைத் தாண்டிப் போங்கள். சாகப்போகும் டிஸ்க்கும் பாஸ் வாங்கும்.

பட்டியலில் ஒவ்வொரு வரிக்கும் ஓர் எண் உண்டு. நான் நேராகப் போவது 197-க்கு. கரன்ட் பெண்டிங் செக்டர். படிக்க முடியாமல் போன செக்டரை டிஸ்க் உடனே கைகழுவுவதில்லை, நிலுவையில் வைக்கிறது. அடுத்த முறை அங்கே எழுதும்போதுதான் தீர்ப்பு. எழுதியது சரியாகப் பதிந்தால் 197 இறங்கும். பதியாவிட்டால் மாற்று செக்டர் ஒதுக்கப்பட்டு 5-ஆம் வரி ஏறும். இந்த இரண்டையும் சேர்த்துத் தொடர்ந்து படிப்பவருக்கு, திறந்து பார்க்க முடியாத பெட்டிக்குள் நடப்பது கண்ணெதிரே நடக்கும். 4கே டிஸ்க்குகளில் இந்த எண் 8, 16, 24 என்று எட்டெட்டாகத் தாவுவதும் ஓர் அழகு. ஒரு நிஜ செக்டருக்குள் 512 பைட் செக்டர்கள் எட்டு அடங்கியிருக்கின்றன. அந்த முதல் 8-ஐப் பார்த்தால் எனக்கு இன்றும் வயிற்றைப் பிசையும்.

மற்ற வரிகளுக்கும் சுவை உண்டு. தரவு கடத்தும்போது நேரும் பிழைகளை எண்ணும் 199 ஏறினால் முதலில் கேபிளை மாற்றுங்கள். பழி பெரும்பாலும் டிஸ்க்கின் மேல் இல்லை. சீகேட் டிஸ்க்குகளில், படிப்பதில் நேரும் பிழைகளுக்கான 1-ஆம் வரியில் கோடிக்கணக்கில் எண் நின்றால் பதற வேண்டாம்.

ஸ்மார்ட்டை நம்பிப் பயனில்லை என்பவர்கள் கூகுளின் 2007 ஆய்வை நீட்டுவார்கள். ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட டிஸ்க்குகளைப் பார்த்த ஆய்வு அது. பழுதானவற்றில் 56 சதவீதத்துக்கு மேல் முக்கியமான நான்கு கணக்குகளிலும் பூஜ்யம். உண்மைதான். அதே ஆய்வுதான் இன்னொன்றும் சொல்கிறது: நிலுவைக் கணக்கு முதல்முறை ஏறிய டிஸ்க், 60 நாளுக்குள் பழுதாகும் வாய்ப்பு மற்றவற்றைவிட 16 மடங்கு. சொல்லாமல் சாகும் டிஸ்க்குகள் இருக்கின்றன என்பதற்காக, சொல்லிவிட்டுச் சாகும் டிஸ்க்கின் பேச்சையும் கேட்காமல் விடுவதா?

எனக்கு இதைப் படிக்கக் கற்றுக்கொடுத்தவர் ஒரு சர்வீஸ் கடைக்காரர். டிஸ்க்கைக் கையில் வாங்கியதும் அவர் கேட்கும் முதல் கேள்வி, “இதுல மட்டும் இருக்கிறது என்ன தம்பி?” என்பதுதான். காப்பி எடுத்த பிறகே மற்ற வேலை. இன்று நிறத்தைப் பார்க்கிறார்கள், முழு ஃபார்மட் அடிக்கிறார்கள், “சரியாயிடுச்சு சார்” என்று கொடுக்கிறார்கள். எல்லா செக்டரிலும் எழுதிவிட்டதால் 197 பூஜ்யத்துக்குப் போயிருக்கும். 5-ஆம் வரி ஏறியதை யாரும் பார்ப்பதில்லை. என்விஎம்இ எஸ்எஸ்டிகள் வந்தபின் ஸ்மார்ட் பட்டியலே சுருங்கிவிட்டது. எந்த கம்பெனியானாலும் ஒரே வரிகள் என்பது நல்ல ஏற்பாடு. தேய்மானச் சதவீதம் இருக்கிறது, மீடியா பிழை எண்ணிக்கை இருக்கிறது. ஆனால் நிலுவை என்ற அந்த இடைநிலைக்கு இடமில்லை.

உங்கள் டிஸ்க்கின் பட்டியலை இன்றே ஒரு ஃபைலில் சேமித்து, மாதம் ஒருமுறை ஒப்பிட்டுப் பாருங்கள். 197 பூஜ்யத்தை விட்டு நகர்ந்தால் முதலில் பேக்கப். சோதனையும் ஆராய்ச்சியும் அதற்குப் பிறகு.