உடைந்த ஊசியும் உடைந்த பாட்டிலும்

ஜெயமோகனின் 'யானை டாக்டர்' 2011ல் வந்த கதை. 'அறம்' தொகுப்பில் இருக்கிறது. படித்தவர்களில் பாதிப்பேர் 'அழுதுட்டேன் சார்' என்பார்கள். டாப்ஸ்லிப்பில் பணியாற்றி, 2002ல் மறைந்த கால்நடை மருத்துவர் வி.கிருஷ்ணமூர்த்தி என்கிற 'டாக்டர் கே'தான் கதாநாயகன்.

வில்லன், ஒரு பீர் பாட்டில். காட்டுக்கு ஜாலியாக வந்தவர்கள் குடித்துவிட்டு வீசி உடைத்தது. யானையின் கால் பார்க்கத்தான் தூண். பாதத்துக்குள் மெத்தை மாதிரி கொழுப்பு. மூன்று நாலு டன் எடை இறங்கும்போது கண்ணாடி ஆழமாக ஏறிவிடும். அப்புறம் வீக்கம், சீழ். தினம் நூறு லிட்டருக்கு மேல் தண்ணீர் தேவைப்படுகிற மிருகம், நடக்க முடியாமல் பட்டினியில் சாகும். இந்த இடங்களை ஜெயமோகன் வைத்தியக் குறிப்பு போல எழுதியிருக்கிறார். உபதேசத்தைவிட உறைக்கிறது.

விருது சமாசாரம் தேவைக்கு மேல் நீள்கிறது. முடிவில் யானைக்கூட்டம் துதிக்கை தூக்கிப் பிளிறுவது கொஞ்சம் சினிமா. மன்னிக்கலாம். என் புகார் வேறு. கதை நம்மைக் குடிகாரர்கள் மேல் கோபப்பட வைக்கிறது. பாட்டில் உடைக்காத குடும்பஸ்தர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, நிம்மதியாகப் புத்தகத்தை மூடிவிடுகிறார். உப்பு வாசனைக்காக யானையும் மானும் தின்னக்கூடிய சிப்ஸ் கவர் அவர் போட்டதாக இருக்கலாம்!

திருப்பூரில், நல்லூர் பக்கம் யாரையாவது கேட்டுப் பாருங்கள். எக்ஸ்போர்ட் யூனிட்டில் தையல் ஊசி உடைந்தால் அத்தனை துண்டுகளையும் தேடி, சேர்த்துப் பார்த்து, ரெஜிஸ்டரில் ஒட்ட வேண்டும். ஒரு துணுக்கு குறைந்தாலும் அங்கிருக்கும் பீஸ்களை ஒதுக்கி மெட்டல் டிடெக்டரில் விடுவார்கள். எங்கோ ஜெர்மனியில் ஒரு குழந்தைக்குக் குத்திவிடக் கூடாது. இத்தனை கறாரான ஊர்க்காரர்களும் பிக்னிக் முடிந்ததும் 'வண்டி வந்துருச்சு, ஏறுங்கப்பா' என்று கிளம்பிவிடுவதுண்டு. பையர் டெபிட் நோட் அனுப்புவார், யானை அனுப்பாது.

டாஸ்மாக் பாட்டிலுக்குப் பத்து ரூபாய் அதிகம் வாங்கி, காலி பாட்டிலைக் கொடுத்தால் திருப்பித் தரும் திட்டம் 2022ல் நீலகிரியில் ஆரம்பித்தது. இலக்கியம் கண்ணீர் வரவழைத்தது. பாட்டிலைத் திருப்பி வரவழைக்கப் பத்து ரூபாய் வேண்டியிருந்தது. சிப்ஸ் கவருக்கு அந்தப் பத்து ரூபாயும் கிடையாது. கிளம்பும் முன் பத்து நிமிஷம் செலவழிப்பது ஒன்றுதான் வழி. எல்லோரும் வரிசையாக நின்று, தரையைப் பார்த்தபடி ஒரு நடை. மரத்தடி, புதர், பாறை இடுக்கு. கொண்டுவந்த பாட்டில் எத்தனை, திரும்புவது எத்தனை என்று ஒரு எண்ணிக்கை. அனுமதித்த இடத்தில் அடுப்பு மூட்டியிருந்தால், சாம்பல் கைக்குச் சில்லென்று ஆகும்வரை தண்ணீர்.

அடுத்த முறை பனியன் கம்பெனி வேன் திருமூர்த்தி மலைக்குப் போகும்போது செக்கிங் செக்‌ஷன் அக்கா ஒருவரை முன் சீட்டில் உட்கார வையுங்கள். திரும்பும்போது அவர் 'ஓகே' சொன்ன பிறகு வண்டியை எடுத்தால் போதும்.