ஆடையும் மயக்கமும்

அரபு மொழியில் லாம், பா, சீன் என்னும் மூன்றெழுத்து வேரினின்று இரு சொற்கள் கிளைக்கின்றன. ஒன்று 'லிபாஸ்', ஆடை என்பது அதன் பொருள். மற்றொன்று 'இல்திபாஸ்', ஒன்றை வேறொன்றாகக் கொள்ளும் மயக்கம் என்பது அதன் பொருள். ஆடை, உண்மையை விளக்கவும் கூடும், மயக்கவும் கூடும். திரைப்பட ஆடையமைப்பை மதிப்பிட இதனினும் ஏற்ற உரைகல்லை நாம் அறியோம்.

அவ்வுரைகல்லில் தேறிய பொன் பானு அத்தையா அம்மையாரின் பணி. 1929இல் கோலாப்பூரில் பிறந்த அவர், பம்பாய் ஜே.ஜே. கலைப்பள்ளியில் ஓவியம் பயின்றார், இதழ்களுக்கு ஆடைச் சித்திரங்கள் வரைந்தார், 1956இல் 'சி.ஐ.டி.' முதலாகக் குருதத்தின் படங்களுக்கு ஆடையமைத்தார். நூற்றுக்கு மேற்பட்ட படங்கள் அவர் கைவண்ணம் கண்டன. 'காந்தி' படத்துக்காக 1983இல் ஜான் மொல்லோவுடன் அவர் பெற்றதே இந்தியர் ஒருவருக்குக் கிடைத்த முதல் ஆஸ்கார். அவ்விருதினை 2012இல் பாதுகாப்புக் கருதி வழங்கியவர்களிடமே ஒப்படைத்த அம்மையார், 2020 அக்டோபரில் மறைந்தார்.

'காந்தி'யில் மேனாட்டு உடையணிந்த வழக்கறிஞர் இரயிலினின்று தள்ளப்படுகிறார். பின்னர் அவர் மேனியில் துணி குறையக் குறைய, மனிதர் உயர்ந்துகொண்டே போகிறார். அருகே ஜின்னாவின் உடை நேர்த்தி குலையாதிருக்கிறது. இருவரிடையே விரியும் தொலைவை வசனத்துக்கு முன்பே ஆடை சொல்லிவிடுகிறது. காந்தியார் அரையாடை பூண்டது 1921 செப்டம்பர் 22ஆம் நாள், நம் மதுரையில். அந்நாளைப் படம் காட்டாதது குறையே. ஆயினும் அது கதையமைத்தவர் குறை, ஆடையமைத்தவர் குறையன்று.

1960இல் வந்த 'சௌத்வீன் கா சாந்த்' லக்னோ முஸ்லிம்களின் கதை. அங்கே ஷேர்வானியும் பர்தாவும் அம்மண்ணுக்குரிய உண்மை. அதனால் அவை 'லிபாஸ்'. அதே ஷேர்வானியைத் தமிழ்த் திரையில் நம் கடற்கரை முஸ்லிமுக்கு மாட்டும்போது அது 'இல்திபாஸ்' ஆகிவிடுகிறது. காயல்பட்டினத்து ஆடவர் உடுத்தியது வெள்ளைக் கைலி. பெண்டிர் போர்த்தியது வெள்ளைத் துப்பட்டி. தூத்துக்குடிச் சலாபத்தில் காலிற் கல்லும் கையிற் கயிறுமாய்க் கடலுள் இறங்கிய முக்குளிப்போர், பரதவராயினும் முஸ்லிமாயினும், இடையில் ஒரு துண்டுத் துணியோடே இறங்கினர். இவர்களைத் திரையில் நாம் கண்டதுண்டா? தாடியும் தொப்பியும் தந்து, எங்கோ உள்ள உடையையும் இரவல் தந்தால், பார்ப்பவர் நம்மை எங்கிருந்தோ வந்தவராகவே எண்ணுவர். இதை வெறும் துணிப் பிழையென்று தள்ள நம்மால் இயலவில்லை.

இங்குக் கடைசிச் சலாபம் நடந்தது 1961இல். அதில் மூழ்கியெழுந்தோர் அருகிவிட்டனர். துப்பட்டியின் மடிப்பறிந்த மூதாட்டியரும் அருகி வருகின்றனர். அவர்களிடம் கேட்டெழுதும் கடமை திரைத்துறைக்கு மட்டும் உரியதன்று, நமக்கும் உரியது. நாம் எழுதி வைக்காத ஆடையை அயலார் தம் விருப்பம்போல் தைத்தால், அவர்களை மட்டும் நோவது நீதியாகாது.