குடும்பப்பெயரும் சார்புப்பெயரும்: உதியன்குளங்கரை வட்டாரப் பெயர்களை முன்வைத்து ஒரு மதிப்பீடு

1. முன்னுரை

ஆட்பெயரை இடுபெயர், குடும்பப்பெயர் என இரண்டாகப் பகுத்து நோக்குதல் மேனாட்டுப் பெயராய்வின் வழக்கம். நூலகப் பட்டியல், பெயரடைவு, கடவுச்சீட்டு ஆகியவற்றின் வழியாக இப்பகுப்பு தமிழர் பெயர்களின்மீதும் ஏற்றப்படுகிறது. ‘சர்நேம்’ என்னும் சொல்லுக்குக் ‘குடும்பப்பெயர்’ என்பதே நம் மொழிபெயர்ப்பாளர்கள் பெரிதும் ஆளும் சொல்லாகும். இச்சொல் நம் பெயர்முறைக்கு எந்த அளவு பொருந்தும் என மதிப்பிடுவது இக்கட்டுரையின் நோக்கம்.

இதற்குரிய களமாக நெய்யாற்றின்கரைக்கும் பாறசாலைக்கும் இடையே நெடுஞ்சாலையில் அமைந்த உதியன்குளங்கரையும், அதனை அடுத்துள்ள கேரள, தமிழ்நாட்டு எல்லைப்பகுதியும் கொள்ளப்படுகின்றன. 1956 நவம்பர் 1 அன்று விளவங்கோடு, கல்குளம், தோவாளை, அகத்தீசுவரம் ஆகிய வட்டங்கள் சென்னை மாநிலத்தோடு இணைந்தன. நெய்யாற்றின்கரை வட்டம் கேரளத்தில் நின்றது. அதுவரை ஒரே ஆட்சியின்கீழ்க் கலந்து வாழ்ந்த மக்களின் பெயர்கள் அதன்பின் இருவேறு ஆட்சிமொழிகளில் எழுதப்படலாயின. எனவே எல்லையின் இருபுறத்திலிருந்தும் சான்றுகள் எடுத்தாளப்படுகின்றன.

2. ஊர்ப்பெயர்

உதியன்குளங்கரை என்பது உதியன், குளம், கரை என்னும் மூன்று கூறுகளால் ஆனது. குளம், கரை என்பன புணருங்கால் தமிழில் ‘குளங்கரை’ என நிற்கும். மலையாளத்தில் ககரம் முன்னுள்ள மெல்லெழுத்தோடு ஒன்றி ஙகரம் இரட்டிக்கும். ஈற்று ஐகாரம் அகரமாகும். நெய்யாற்றின்கரை என்பதில் இன் சாரியையின் னகரம் இடைநிற்றலால் இம்மாற்றம் நிகழவில்லை. ஆகவே மலையாள வடிவத்தைத் தமிழில் ‘கரை’ என முடித்து எழுதுபவர் வெறும் எழுத்துப்பெயர்ப்பு மட்டும் செய்யவில்லை. ஒலிமாற்ற விதியொன்றை மீள இயக்குகிறார்.

முதற்கூறாகிய ‘உதியன்’ சிக்கலுக்குரியது. சங்க இலக்கியம் பயின்றோர்க்கு உதியஞ்சேரலாதன் உடனே நினைவுக்கு வருவான். எனினும் ஒதி என்றும் உதி என்றும் வழங்கும் மரமொன்றும் உண்டு. உதி என்னும் மரப்பெயர் புணர்ச்சியில் மெல்லெழுத்து மிகும் எனவும், புளி என்னும் மரப்பெயர் அம் சாரியை பெறும் எனவும் தொல்காப்பியம் அடுத்தடுத்து விதிக்கிறது. அவ்விதிப்படி ‘உதிங்குளம்’ என்றே வரவேண்டும். புளியங்குளம் முதலியவற்றின் ஒப்புமையால் ‘உதியங்குளம்’ என ஆதலும் கூடும். குளத்தை வெட்டியவர் அல்லது உடையவர் பெயராகக் கொள்ளவும் இடமுண்டு. மலையாள எழுத்தில் இச்சொல் அதிரொலித் தகரத்தோடு எழுதப்படுவதால் ‘உதயம்’ என்னும் வடசொல்லோடும் இயைபு தோன்றுகிறது. வேர்ச்சொல் மட்டும் இவற்றுள் ஒன்றைத் தேர்ந்து தருவதில்லை; பழைய ஆவண வடிவமே தர இயலும். வேந்தன் பெயர் பெருமை தருவது என்பதனால் அப்பொருள் உறுதிப்பட்டுவிடாது.

3. ஊரும் இதழும் முன்னொட்டாதல்

இவ்வட்டாரத்தில் ஊர்ப்பெயர் ஆட்பெயரின் முன் நின்று ஒருவரை அடையாளம் காட்டும். இசைக்கலைஞர் நெய்யாற்றின்கரை வாசுதேவன் (1939–2008) இதற்குத் தக்க சான்று. அதே வட்டாரத்து அதியன்னூரில் 1878ஆம் ஆண்டு பிறந்த கே. இராமகிருஷ்ண பிள்ளை, ‘சுதேசாபிமானி’ இதழின் ஆசிரியராக இருந்து, அரசைக் கண்டித்தமைக்காக 1910இல் திருவிதாங்கூரிலிருந்து நாடுகடத்தப்பட்டார். இன்று அவர் ‘சுதேசாபிமானி இராமகிருஷ்ண பிள்ளை’ என்றே வழங்கப்படுகிறார். அரசு பறித்த இதழின் பெயர் ஆசிரியரின் பெயரோடு ஒட்டி நிலைபெற்றது. இவ்விரு முன்னொட்டுகளும் குடும்பத்தைச் சுட்டுவன அல்ல. ஒன்று மண்ணைச் சுட்டும், மற்றொன்று வினையைச் சுட்டும்.

4. பட்டப்பெயர்

‘பிள்ளை’ என்பதையாவது குடும்பப்பெயர் எனலாமோ எனின், அதுவும் ஆய்வுக்குரியது. இராமகிருஷ்ண பிள்ளையின் தந்தை நரசிம்மன் போற்றி என்னும் அந்தணர், தாய் சக்கியம்மை. ‘பிள்ளை’ என்னும் பட்டம் மருமக்கள்வழி மரபையொட்டித் தாய்வழிச் சமூகத்தைச் சார்ந்து வந்தது. தந்தையிடமிருந்து மகனுக்கு இறங்குவதே குடும்பப்பெயர் என்னும் வரையறை இங்குச் செல்லாது.

பட்டம் நீங்குதலும் பொருளுடையது. கன்னியாகுமரி மாவட்டத்து நட்டாலத்தில் 1712இல் பிறந்த நீலகண்டன் 1745இல் வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்று, 1752இல் கொல்லப்பட்டார். நெடுங்காலம் ‘தேவசகாயம் பிள்ளை’ என வழங்கப்பட்ட அவர், 2022 மே 15 அன்று புனிதராக அறிவிக்கப்பட்டபோது சாதிப்பட்டம் இன்றியே குறிக்கப்பட்டார். நீக்கவும் சேர்க்கவும் கூடிய இக்கூற்றைப் பிரிக்கலாகாத குடும்பப்பெயராகக் கருதுதல் பிழையாகும்.

5. பொருள் பெயர்த்த பெயர்

தேவசகாயம் என்பது அவர் திருமுழுக்கில் பெற்ற ‘லாசர்’ என்பதன் பொருள்பெயர்ப்பு. லாசர் என்பது ‘கடவுள் துணைநின்றார்’ எனப் பொருள்படும் எபிரேயப் பெயரின் திரிபு. ஒலியை விடுத்துப் பொருளைக் கொண்டமையால் அயற்பெயர் நம் பெயராயிற்று. இவ்வாறு வந்த பெயர் அடுத்த தலைமுறையில் தந்தை பெயராகவும் முதலெழுத்தாகவும் மாறும்போது அதன் எபிரேயத் தொடர்பு முற்றும் மறைகிறது. பெயரின் பிறப்பு வேறு, வழக்கு வேறு என்பதற்கு இது நல்ல சான்று.

6. வீட்டுப்பெயரும் உறவுப்பெயரும்

அமரவிளை, இஞ்சிவிளை, களியக்காவிளை என ஊர்ப்பெயர்களில் வரும் ‘விளை’ மேட்டுத் தோட்டநிலத்தைக் குறிப்பது. எல்லைக்கு இருபுறமும் வழங்குவது. மேலேவிளை வீடு, புத்தன் வீடு முதலியன இவ்வட்டாரத்து வீட்டுப்பெயர்கள். கட்டிப் பல தலைமுறை ஆகியும் ‘புத்தன்’ என்னும் அடை நீங்குவதில்லை. ஹெப்சிபா ஜேசுதாசன் 1964இல் வெளியிட்ட ‘புத்தம் வீடு’ நாவலின் தலைப்பே அத்தகைய வீட்டுப்பெயராகும். அதனைப் ‘புதிய இல்லம்’ என்னும் பொருளில் பெயர்ப்பவர், பெயரைத் தொலைத்து அடையை மட்டும் காப்பாற்றியவர் ஆவார்.

அந்நாவலாசிரியர் பெயரும் கருதத்தக்கது. ஹெப்சிபா என்பது விவிலியத்து எபிரேயப் பெயர். ஜேசுதாசன் என்பது கணவராகிய பேராசிரியர் சி. ஜேசுதாசனின் இடுபெயர். பட்டியலில் ‘ஜேசுதாசன், ஹெப்சிபா’ எனத் தலைமாற்றி எழுதினால், ஒரு தனிமனிதரின் பெயர் ஒரு குலத்தின் பெயர்போலத் தோற்றம் கொள்ளும்.

7. முதலெழுத்து

பள்ளியாடியில் 1895இல் பிறந்த மார்ஷல் நேசமணியின் தந்தை அப்பாவு. ஆங்கில எழுத்தின் வழியே எழுதின் அவர் ‘ஏ. நேசமணி’, தமிழ் வழியே எழுதின் ‘அ. நேசமணி’. ‘பி.’ என்பது ஆங்கிலத்தின் ஈரெழுத்துகளுக்குப் பொதுவாய் நிற்கும். கேரளத்தில் முதலெழுத்து பெயருக்குப் பின்னும் வரும். அது தந்தை பெயரையும் சுட்டலாம், வீட்டுப்பெயரையும் சுட்டலாம். விரித்துக் கேட்டறியாமல் அதனை மொழிபெயர்க்க இயலாது.

இது ஏட்டளவில் நிற்கும் சிக்கல் அன்று. கடவுச்சீட்டில் ஒரே பெயர் மட்டும் உடையோர்க்கு வருகையாளர் நுழைவு இல்லை என 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம் அறிவித்தது. பின்னர்த் தந்தை பெயரோ குடும்பப்பெயரோ கடவுச்சீட்டின் மறுபக்கத்தில் இருப்பின் போதும் என விளக்கம் தரப்பட்டது. வளைகுடா நாடுகளுக்குத் தொழில் தேடிச் செல்வோர் மிகுந்த தென்கேரளத்துக்கும் குமரிக்கும் இது பிழைப்போடு தொடர்புடைய செய்தி.

8. முடிவுரை

மேற்கண்ட சான்றுகளில் ஆட்பெயரோடு சேர்ந்து நிற்பன ஊர், இதழ், சமூகப்பட்டம், வீடு, தந்தை, கணவர் எனப் பலவாகும். இவை அனைத்தும் ஒருவர் எதனைச் சார்ந்தவர் என்பதை உணர்த்துகின்றன. எனவே இவற்றைப் பொதுவில் ‘சார்புப்பெயர்’ எனக் குறிக்கலாம். தலைமுறைதோறும் மாறாது இறங்கும் பெயருக்கு மட்டும் ‘குடும்பப்பெயர்’ என்னும் சொல்லை ஒதுக்கலாம். பட்டியலுக்கு ஒருமை வேண்டும் என்னும் மறுப்பு எழக்கூடும். இடுபெயரையே தலைச்சொல்லாகக் கொண்டு, சார்புப்பெயரின் வகையை அருகே குறிப்பின் அவ்வொருமையும் கிட்டும். ஒருவரின் தந்தையோ கணவரோ அவருடைய குலமாகிவிடும் பிழையும் நேராது.