நாட்டுப்பாட்டு எப்போ நாட்டுப்பண் ஆகுது?

வங்கதேசத்தின் நாட்டுப்பண்ணை எழுதியவர் தாகூர். மெட்டு மட்டும் அவருடையது இல்லை. சிலைதஹாவில் தபால்காரராக இருந்த ககன் ஹர்கரா பாடிய பவுல் பாட்டின் மெட்டு அது. மனசுக்குள் இருக்கும் ஓர் ஆளைத் தேடி அலையும் பாட்டு. 1905 வங்கப் பிரிவினைக்கு எதிராக தாகூர் அதே மெட்டில் வேறு சொற்களை ஏற்றினார். ஆளைத் தேடிய ஏக்கம் மண்ணைத் தேடும் ஏக்கமாச்சு. 1971 விடுதலைப் போரில் ஒரு நாடே அதைப் பாடியது.

இதையெல்லாம் 'மண்ணின் குரல், தானா முளைச்சது' என்று சொல்லிவிடுவது நமக்குப் பழக்கம். தானா எதுவும் முளைக்கிறதில்லை. காஞ்சிபுரத்தில் கோர்வைப் புடவை நெய்வதைப் பார்த்தவர்களுக்கு இது புரியும். உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம். இரண்டும் தறியிலேயே கோர்க்கப்படும். பழைய முறையில் அதற்கு இன்னொரு ஆளும் தறியில் கூட உட்காரணும். கட்டுகிறவர் கண்ணுக்குத் தெரிவது ஒரே புடவை.

நம்ம தமிழ்த்தாய் வாழ்த்து வேறு வழியில் வந்தது. 1891-ல் அச்சான 'மனோன்மணீயம்' நாடகத்திலிருந்து எடுத்தது, எழுதியவர் பெ. சுந்தரம் பிள்ளை, இசை எம்.எஸ். விஸ்வநாதன். அச்சில் வந்ததால் பேர் நிலைச்சது. வாய்வழி வந்ததற்கு அந்தக் காவல் கிடையாது.

2021-ல் வந்த 'என்ஜாயி எஞ்சாமி' இதற்குச் சரியான உதாரணம். இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்த தன் பாட்டியின் வாழ்க்கையிலிருந்து வந்த பாட்டு என்று அறிவு சொல்லியிருக்கிறார். 2022 ஜூலையில் சென்னை செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவில், உலகத்துக்குத் தமிழ்நாட்டைக் காட்டும் மேடையில், அது ஒலித்தது. தீயும் கிடாக்குழி மாரியம்மாளும் பாடினார்கள். அறிவு மேடையில் இல்லை. பாட்டு யாருடையது என்ற சண்டை கிளம்பியது. அறிவு, தீ, சந்தோஷ் நாராயணன் ஆளுக்கொரு விளக்கம் கொடுத்தார்கள்.

யார் பக்கம் நியாயம் என்பதைவிட எனக்கு முக்கியமாகப் படுவது வேறு. நிலமில்லாத கூலிகளின் துக்கம், ஒரு மாநிலத்தின் பெருமையாக மேடையேறியது. அடையாளம் ஆகும்போது பாட்டு பெரிசாகுது. அதிலிருந்த புகார் சிறிசாகுது.

காஞ்சிப் பட்டுக்குப் புவிசார் குறியீடு இருக்கு. அது ஊர்ப் பேரைக் காப்பாற்றும். நெய்தவர் பேரை இல்லை. பாட்டுக்கும் அதே கதிதான். தாகூராவது, ககனின் அந்தப் பாட்டைக் கேட்ட அனுபவத்தை எழுதி வைத்தார். நம்ம மேடைகள் அந்த அளவாவது செய்யலாம்: பாடுவதற்கு முன்னால், யார் வாயிலிருந்து வந்தது என்று ஒரு வரி சொல்லலாம்.