ஊர்ப்பெயரைச் சாட்சிக்கு அழைத்த பாதிரியார்

சுவாமி ஞானப்பிரகாசரின் 'யாழ்ப்பாண வைபவ விமர்சனம்' (1928) நூலைச் செமோரில் உட்கார்ந்து படிப்பதில் ஒரு சங்கடம் இருக்கிறது. இங்கே பல தோட்டங்களுக்கு இரண்டு பெயர். கம்பெனி பதிவில் ஒன்று, பால்மரம் வெட்டியவர்கள் வாயில் ஒன்று. தோட்டத்தை விற்றுத் தாமான் கட்டியபோது முதல் பெயராவது கடுதாசியில் தங்கியது. இரண்டாவது, அதைச் சொன்ன கிழவிகளோடு போய்விட்டது. ஆகவே 'ஊர்ப்பெயரும் ஒரு சாட்சி' என்று யாராவது சொன்னால் நான் நிமிர்ந்து உட்கார்ந்துவிடுவேன்.

ஞானப்பிரகாசர் அப்படிச் சொன்னவர். 1875இல் மானிப்பாயில் சைவக் குடும்பத்தில் வைத்திலிங்கமாகப் பிறந்தார். தகப்பனார் இறந்தபின் தாயார் ஒரு கத்தோலிக்கரை மணக்க, பிள்ளையும் அந்தச் சமயத்துக்குப் போனார். கொஞ்ச காலம் இலங்கை ரயில்வேயில் குமாஸ்தா. 1901இல் குருப்பட்டம். (மலாயா ரயில்வேக்கும் யாழ்ப்பாணத்துக் குமாஸ்தாக்கள்தானே வந்தாங்க? இவரும் கப்பலேறியிருந்தா ஈப்போவில பென்சன் வாங்கிக்கிட்டு இருந்திருப்பார். இந்தப் புத்தகம் இருந்திருக்காது.)

ஒல்லாந்தர் காலத்தில் மயில்வாகனப் புலவர் எழுதிய 'யாழ்ப்பாண வைபவமாலை'தான் அவர் கூண்டில் ஏற்றும் நூல். இந்த ராசா எந்த வருஷம், உமக்கு யார் சொன்னது என்று விடாமல் கேட்கிறார். தன் ஊர்க்காரர்கள் பெருமையோடு ஓதிய நூலை இப்படி உலுக்குவதற்கு நெஞ்சுரம் வேண்டும். யாழ்ப்பாணத்து ஊர்ப்பெயர்கள் பலவற்றில் சிங்களம் இருக்கிறது, ஆகவே தமிழருக்கு முன் அங்கே சிங்களவர் குடியிருந்தார்கள் என்று அவர் எழுதியது இன்றுவரை ஆறாத சண்டை.

நான் தயங்குவதும் அங்கேதான். வலிகாமத்தில் இருக்கும் 'காமம்' சிங்களக் 'கம'வாக இருக்கலாம். ஆனால் அந்தக் 'கம'வே பிராகிருதக் 'காம'த்தின் பிள்ளை. பிராகிருதம் தமிழர் காதிலும் விழுந்த மொழிதான். பெயர் வந்த வழி ஒன்று, ஆள் வந்த வழி வேறொன்றாக இருக்கலாம். செமோர் என்ற பெயரைத் தமிழன் வைக்கவில்லை. அதனால் இங்கே தமிழன் வாழவில்லை என்று ஆகிவிடுமா?

இன்னொரு குறை எனக்குப் பெரிதாகப் படுகிறது. சங்கிலி மன்னனைப் பற்றிப் பேச வரும்போது போர்த்துக்கீசியர் ஏடுகள் வந்து நிற்கின்றன. அவற்றில் பெரியது பெர்னாவோ டி குவைறோஸ் என்ற இயேசு சபைக் குரு 1680களில் எழுதி முடித்த இலங்கை வரலாறு. அவர் கோவாவில் இருந்து எழுதியவர். இலங்கையில் கால் வைத்ததே இல்லை. 1544இல் மன்னாரில் ஞானஸ்நானம் பெற்றவர்களைச் சங்கிலி கொன்றதை இப்படிப்பட்ட ஏடுகள் வேதசாட்சிகளின் கதையாகத்தான் சொல்லும். கடலில் அப்போது யார் கை ஓங்கியிருந்தது, அரசன் எதற்குப் பயந்தான் என்பதெல்லாம் அதில் ஓரத்துக்குப் போய்விடும்.

புலவரிடம் கேட்ட 'உமக்கு யார் சொன்னது' என்ற கேள்வியை இந்தக் குருமாரிடம் சுவாமி அதே குரலில் கேட்டதாக எனக்குத் தெரியவில்லை. கேட்டிருந்தா புத்தகம் இன்னும் ஐம்பது பக்கம் நீண்டிருக்கும். நானும் சந்தோஷமாப் படிச்சிருப்பேன்.