சப்பாத்தி மருந்தாகுமா?

நீரிழிவு என்று தெரிந்ததும் இரவுச் சோற்றை விட்டுச் சப்பாத்திக்கு மாறுவது நம்மிடையே வழக்கமாகிவிட்டது. வைகைக் கரைக் கோச்சடையிலும் இதே அறிவுரைதான். அண்மைக் காலமாகக் கம்பும் கேழ்வரகும் சேர்த்துச் சொல்லப்படுகின்றன. இது எவ்வளவு சரி?

100 கிராம் அரிசியில் ஏறத்தாழ 78 கிராம் மாவுப்பொருள் உண்டு. கோதுமை மாவிலும் 65 முதல் 70 கிராம் வரை இருக்கிறது. இரண்டும் குடலில் குளுக்கோசாக மாறியே இரத்தத்தில் கலக்கின்றன. தவிட்டிலுள்ள நார்ப்பொருள் இவ்வேகத்தைச் சற்றுத் தணிக்குமே தவிர, மாவின் அளவைக் குறைத்துவிடாது. ஐந்து சப்பாத்தியை உருளைக்கிழங்குக் குருமாவுடன் உண்பவர் சோற்றிலிருந்து தப்பியதாக எண்ணலாம். அவருடைய கணையத்திற்கோ வேலை குறைவதில்லை.

இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகமும் சென்னை நீரிழிவு ஆராய்ச்சி நிறுவனமும் நடத்திய பெரும் ஆய்வொன்றின் முடிவு 2025இல் வெளியாயிற்று. இந்தியர் பெறும் ஆற்றலில் சுமார் 62 விழுக்காடு மாவுப்பொருளிலிருந்தே வருகிறது. மொத்த அளவைக் குறைக்காமல் தானியத்தை மட்டும் மாற்றுவதால் நீரிழிவு வரும் வாய்ப்பு குறைவதாகத் தெரியவில்லை. மாவுப்பொருளில் ஒரு பகுதிக்கு ஈடாகப் பயறு, பால் ஆகியவற்றின் புரதத்தைச் சேர்த்தால் அது குறையக்கூடும் என்கிறது அவ்வாய்வு.

தானியத்தைச் சிறிதாகவும் துணையைப் பெரிதாகவும் வைக்கும் உணவுக்கு மெக்சிகோ நாட்டு டாக்கோவை எடுத்துக்காட்டலாம். உள்ளங்கையளவு மக்காச்சோள ரொட்டியை மடித்து, அதற்குள் பயறோ மீனோ இறைச்சியோ வைத்து, வெங்காயம், தக்காளி சேர்த்து உண்பார்கள். ஆனால் டாக்கோவும் மருந்தன்று. மெக்சிகோவிலும் நீரிழிவு மிகுதியே. எண்ணெயில் பொரித்த ரொட்டியும் அள்ளிப் போட்ட பாலாடைக்கட்டியும் அதன் நன்மையைக் கெடுத்துவிடும்.

இம்முறையை நம் அடுப்பிலேயே கையாளலாம். இரண்டு சிறு கம்பு தோசைகள் போதும். அவற்றிற்குள் வேகவைத்த தட்டைப்பயறு, நறுக்கிய முட்டைக்கோசு, வெங்காயம், தக்காளி வைத்து எலுமிச்சம் பழம் பிழிந்து உண்ணலாம். சோறே வேண்டுமென்றாலும் தவறில்லை: தட்டில் பாதி காய், கால் பங்கு பயறோ மீனோ, எஞ்சிய கால் பங்கு மட்டும் சோறு.

இன்சுலினோ மாத்திரையோ எடுப்பவர்கள் மாவுப்பொருளைத் திடீரெனக் குறைத்தால் இரத்தச் சர்க்கரை அளவுக்கு மீறி இறங்கக்கூடும். சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களுக்குப் புரதத்திலும் வரம்பு உண்டு. இவர்கள் மருத்துவரைக் கேட்டே உணவை மாற்ற வேண்டும். மற்றவர்கள் எந்தத் தானியம் என்று கேட்கும் முன் எவ்வளவு என்று கேட்கப் பழகுவோம்.